பெரும்போருக்கு எப்ப வெளிக்கிடுறது?

வடக்கின் பெரும்போரில் முதல் பந்து போடுகிற நேரம் மைதானத்தைச் சுற்றிப் பார்த்தால் எனக்குக் கவலையாக இருக்கும். கூடாரங்களுக்குள் கதிரைகள் இன்னும் அடுக்கியபடியே கிடக்கும். ஸ்பீக்கர் கட்டுகிறவர் வயர் இழுத்துக்கொண்டு நிற்பார். பழைய மாணவர்களில் முக்கால்வாசிப் பேர் வீட்டில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருப்பார்கள், இல்லாவிட்டால் எந்த வாகனத்தில் ஆர் ஏறுவது என்று சந்தியில் நின்று கதைத்துக்கொண்டிருப்பார்கள். நடுவில் பதினேழு வயதுப் பெடியன் ஒருவன் மட்டை நுனியால் மண்ணில் கோடு கீறி, கையுறையை இரண்டு தரம் இறுக்கி, தலையை நிமிர்த்துவான். அவனுடைய வாழ்க்கையின் பெரிய நாள் அது. அவனைப் பார்க்க வந்த சனம் பதினொரு மணிக்குத்தான் மைதானத்துக்குள் வரும். அதற்குள் அவன் ஆட்டமிழந்தும் போயிருப்பான்.

ஒவ்வொரு மாசியிலும் "எப்ப வரலாம், எப்பிடி வரலாம்" என்று தெரிந்தவர்கள் கேட்பார்கள். கொழும்பிலிருந்து வருகிறவர், கனடாவிலிருந்து லீவில் வருகிறவர், இங்கே சாவகச்சேரியில் இருந்துகொண்டே கனகாலமாய்ப் போகாதவர், எல்லாரும்தான். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொன்னதை இங்கே விரிவாக எழுதுகிறேன்.

தெரியாத ஆக்களுக்குக் கொஞ்சம் பின்னணி. யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியும் சுண்டுக்குளி சென். ஜோன்ஸ் கல்லூரியும் 1904 முதல் ஆடிவருகிற கிரிக்கெட் போட்டி இது. மத்திய கல்லூரி 1816 இல் வெஸ்லியன் மிசனரிமார் தொடங்கியது. சென். ஜோன்ஸ் 1823 இல் நல்லூரில் திருச்சபை மிசனின் ஜோசப் நைற் தொடங்கிவைத்தது. இரண்டுக்கும் இருநூறு வயது தாண்டிவிட்டது. போட்டி வழமையாக மார்ச் முற்பகுதியில், மூன்று நாள், மத்திய கல்லூரி மைதானத்தில். யுத்தம் சில வருடங்களைத் தின்றது. அப்படியிருந்தும் 2016 இல் 110 ஆவது போட்டி நடந்தது. கொழும்பு றோயல் - தோமியன் 1879 இல் தொடங்கியது என்பார்கள். அதற்கும் எங்களுடையதற்கும் கால்நூற்றாண்டு இடைவெளிதான்.

ஒரு பெடியன் எவ்வளவு கெட்டிக்காரனாக இருந்தாலும் இந்தப் போட்டியில் மூன்று அல்லது நாலு வருடம்தான் விளையாடலாம். பிறகு உயர்தரம் முடிந்துவிடும், வயது போய்விடும். ஆகவே வருகையைத் திட்டமிடும்போது முதல் பந்துக்கு அரை மணி முன்னால் கதிரையில் இருப்பதையே கணக்காக வையுங்கள். நான் கீழே எழுதுகிற மற்ற எல்லாம் அந்த அரை மணித்தியாலத்தைக் காப்பாற்றத்தான்.

முதலில் வெயில். இதைத்தான் ஆரும் யோசிப்பதில்லை. யாழ்ப்பாணம் பூமத்திய கோட்டுக்கு வடக்கே 9.7 பாகையளவில் இருக்கிறது. சூரியன் எங்கள் தலைக்கு நேரே வருவது சித்திரைப் புத்தாண்டை ஒட்டித்தான். மார்ச் முற்பகுதியில் அது உச்சிக்குக் கொஞ்சம் தெற்கே நிற்கும். நண்பகலில் ஒரு ஆளின் நிழல் அவர் உயரத்தில் கால்வாசிதான் விழும், அதுவும் வடக்குப் பக்கமாக. உச்சிவேளை மணிக்கூட்டில் 12 இல்லை, 12.20 அளவில். வாடைமழை போய் மாதங்கள் ஆகியிருக்கும், முகில் இருக்காது, தரை காய்ந்து வெள்ளையாய் வெளிச்சத்தைத் திருப்பி முகத்தில் அடிக்கும். தொப்பி போட்டாலும் கீழிருந்து சுடும்.

இதை வைத்து இடம் பிடிக்க வேண்டும். காலையில் வந்தால் மைதானத்தின் கிழக்குக் கரையில் மரமோ மதிலோ கூடாரமோ முதுகுக்குப் பின்னால் இருக்கிற இடத்தில் இருங்கள். மத்தியானச் சாப்பாட்டு இடைவேளையில் எழும்பி மேற்குக் கரைக்கு மாறுங்கள். இரண்டு மணிக்குப் பிறகு நிழல் அங்கேதான் நீளும், சூரியனும் முதுகுப் பக்கம் நிற்பதால் பந்து கண்ணுக்குத் தெளிவாய்த் தெரியும். இடைவேளை முடிந்து ஆட்டக்காரர் திரும்பி வருவதற்குள் மாறிவிட வேண்டும். பத்து நிமிடம் பிந்தினால் அந்தப் பக்கம் முழுக்க ஆக்கள் இருந்துவிடுவார்கள். வயதானவர்களைக் கூட்டிக்கொண்டு வருகிறவர்கள் இதை முதல் நாளே ஒரு தரம் நடந்து பார்த்து வைப்பது நல்லது. எழுபது வயதுப் பழைய மாணவர் ஒருவர் வெயிலுக்குள் கதிரையைத் தூக்கிக்கொண்டு இடம் தேடித் திரிவதைப் பார்க்க மனம் பொறுக்காது.

வழிகள். வடமராட்சியில் இருந்து வருகிறவர்கள்தான் அதிகம் யோசிக்க வேண்டியவர்கள். பருத்தித்துறையிலிருந்து நெல்லியடி, வல்லை, கோப்பாய் வழியாக வருகிற பஸ் காலையில் பள்ளிக்கூடப் பிள்ளைகளாலும் கந்தோர்ச் சனத்தாலும் நிரம்பி வழியும். ஏழு மணியைத் தாண்டினால் நின்றுகொண்டுதான் வர வேண்டும், நேரமும் இழுபடும். மோட்டார் சைக்கிளில் வருகிறவர்கள் வல்லை வெளியில் காற்றைக் கணக்கில் எடுங்கள். கொடிக்கம்பத்தைப் பின்னால் ஒருவர் பிடித்துக்கொண்டு வந்தால் அந்த வெளியில் வண்டி பக்கவாட்டில் இழுக்கும். கொடியைச் சுருட்டிக் கட்டிக்கொண்டு வந்து ரவுணுக்குள் விரியுங்கள். இதை நான் பகிடிக்குச் சொல்லவில்லை. வல்லைப் பாலத்தடியில் ஒரு பெடியன் கொடியோடு தடுமாறி, பின்னால் வந்த லொறி றோட்டை விட்டு இறங்கி நின்றதை நேரே கண்டிருக்கிறேன்.

காங்கேசன்துறை வீதியால் வருகிறவர்களுக்குச் சுன்னாகம் சந்தையடியும் கொக்குவில் சந்தியும்தான் தடை. தென்மராட்சிக்காரருக்கு ஏ9 வீதி அகலம், நாவற்குழிப் பாலம் தாண்டினால் அரியாலை, பிறகு ரவுண். வட்டுக்கோட்டை, மானிப்பாய்ப் பக்கத்தார் ஆனைக்கோட்டையால் வந்தால் போதும். எல்லாவற்றிலும் சுகமான வழி தீவுப்பகுதிக்காரருக்குத்தான் இருக்கிறது. பண்ணைப் பாலத்தால் ஏறினால் கோட்டை, அடுத்தது முற்றவெளி, அப்படியே மைதானம். ரவுணின் நெரிசலுக்குள் போகத் தேவையே இல்லை. ஒரு வில்லங்கம் மட்டும் உண்டு. கச்சதீவு அந்தோனியார் திருவிழா சில வருடங்களில் மார்ச் முற்பகுதியில் வரும். அந்த நாட்களில் குறிகட்டுவான் றோட்டில் சனம் குவியும். சிவராத்திரியும் சில வருடங்களில் இதே கிழமையில் விழும். நாட்காட்டியை ஒருக்காப் பார்த்துவிட்டு வெளிக்கிடுங்கள். நெடுந்தீவில் இருந்து வருகிற பிள்ளைகளுக்கு என் ஒரே வேண்டுகோள்: கடைசி ஓவர் வரை பார்க்க ஆசையென்றால் ரவுணில் சொந்தக்காரர் வீட்டில் தங்குங்கள். படகை நம்பிக் கடைசி மணித்தியாலத்தைப் பதட்டத்தோடு பார்ப்பதில் ஒரு சந்தோசமும் இல்லை.

கொழும்பிலிருந்து வருகிறவர்கள் இரவு பஸ்ஸில் ஏறினால் விடியற்காலையில் வந்து சேரலாம். பல்லு மினுக்கி, முகம் கழுவி, இரண்டு இடியப்பம் சாப்பிட்டு மைதானத்துக்கு வர நேரம் சரியாய் இருக்கும். ரயில் பிடித்தவர்களுக்கு 2014 ஒக்ரோபர் 13 மறக்க முடியாத திகதி. 1990 இல் நின்றுபோன யாழ்தேவி திரும்ப யாழ்ப்பாணம் ஸ்ரேசனுக்கு வந்தது அன்றுதான். ஸ்ரேசனிலிருந்து மைதானத்துக்கு ஓட்டோ கேட்காமல் நடக்கலாம். ஆனால் பகல் ரயிலில் வந்தால் முதல் நாள் ஆட்டத்தின் பெரும்பகுதி போய்விடும். போட்டிக்கு முந்தின இரவே ஊரில் இருக்கிறமாதிரிப் பாருங்கள். பாதைத் திருத்தம் என்று வடக்கு ரயில் சேவை நிறுத்தப்பட்ட காலங்களும் இருந்திருக்கின்றன, ஆகவே முன்பதிவுக்கு முன் சேவை ஓடுகிறதா என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

இனி ரவுணுக்குள் வந்த பிறகு. மைதானம் இருக்கிற இடத்தை நினைத்துப் பாருங்கள். ஒரு பக்கம் பொது நூலகம், துரையப்பா விளையாட்டரங்கு, இன்னொரு பக்கம் 1875 இல் வேல்ஸ் இளவரசர் இலங்கை வந்த நினைவாகக் கட்டி 1882 இல் முடித்த மணிக்கூட்டுக் கோபுரம். கொஞ்சத் தூரத்தில் பஸ் நிலையம், பெரியாஸ்பத்திரி. ஊரின் எல்லாப் பாதையும் வந்து முடிகிற இடம் அது. கார் கொண்டுவந்தால் வைப்பதற்கு இடம் தேடியே முதல் பத்து ஓவரும் போய்விடும். கார் உள்ளவர்களுக்கு நான் சொல்வது, நல்லூர்ப் பக்கமோ நாவலர் வீதிப் பக்கமோ தெரிந்தவர் வளவில் விட்டுவிட்டு ஓட்டோவில் வாருங்கள் என்பதுதான். சைக்கிளும் மோட்டார் சைக்கிளும் கொண்டுவருகிறவர்கள் ரவுணில் இருக்கிற பாதுகாப்பு நிலையத்தில் துண்டு வாங்கிக்கொண்டு விடுங்கள். மதிலோரம் சாத்திவிட்டுப் போனால் பின்னேரம் நூறு சைக்கிளுக்கு அடியிலிருந்து இழுத்தெடுக்க வேண்டிவரும்.

ஆஸ்பத்திரி வீதியைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். அந்த வீதியால் அம்புலன்ஸ் வரும், நாள் முழுக்க வரும். ஊர்வலமாய்ப் பப்பரே மேளம் அடித்துக்கொண்டு வாகனங்கள் வரிசையாக நிற்கிறபோது பின்னால் ஒரு அம்புலன்ஸ் சைரனோடு மாட்டிக்கொண்டு நின்றதை ஒரு வருடம் கண்டேன். பப்பரேச் சத்தத்தில் சைரன் முன்னால் நிற்கிறவனுக்குக் கேட்கவில்லை. உள்ளே இருந்தவர் ஆரென்று தெரியாது, அவருக்கு என்ன நடந்ததென்றும் தெரியாது. அதற்குப் பிறகு எந்தக் கூட்டத்திலும் நான் எழும்பிச் சொல்கிற விசயம் இது: ஊர்வலம் வேறு வீதியால் போகட்டும், ஆஸ்பத்திரிக்கு முன்னால் மேளமும் ஹோர்னும் வேண்டாம். வார்ட்டில் படுத்திருக்கிறவர்களில் இரண்டு கல்லூரிகளின் பழைய மாணவர்களும் இருப்பார்கள்.

வாசல். எந்த வாசல் பார்வையாளருக்கு, எது விளையாட்டுக்காரருக்கும் அதிதிகளுக்கும், அனுமதிச் சீட்டு உண்டா, கூடாரத்துக்கு ஆர் பொறுப்பு என்பதெல்லாம் அந்தந்த வருடம் கல்லூரிகளும் பழைய மாணவர் சங்கங்களும் தீர்மானிப்பவை. போன வருடம் இப்படித்தான் இருந்தது என்று வந்து வாசலில் நின்று வாதாடாமல் போட்டிக்கு ஒரு கிழமை முன்னால் சங்கத்தில் ஒருவரிடம் கேட்டுவிடுங்கள். வாசலில் நிற்கிற மாணவத் தலைவனும் பொலிஸ்காரரும் பையைத் திறந்து பார்ப்பார்கள். போத்தல் கண்ணாடியென்றால் உள்ளே விட மாட்டார்கள், விடவும் கூடாது. பட்டாசும் அப்படியே. தண்ணியைப் பிளாஸ்ரிக் போத்தலில் கொண்டு வாருங்கள், ஆளுக்கு ஒன்று போதாது, இரண்டு. தேசிக்காய்த் தண்ணி கொஞ்சம் உப்புப் போட்டுக் கரைத்துக் கொண்டுவந்தால் பின்னேரம் தலையிடி வராது.

பையைச் சோதிப்பதில் கோபப்படுகிற பழைய மாணவர்களுக்கு அமெரிக்காவில் கல்லூரிக் கூடைப்பந்தாட்டம் பார்க்கப் போகிறவர்களின் நிலையைச் சொல்வேன். அங்கே பல அரங்குகளில் உள்ளே இருப்பது வெளியே தெரிகிற பிளாஸ்ரிக் பை மட்டும்தான் அனுமதி, அதுவும் ஒரு அளவுக்குள். டியூக் பல்கலைக்கழகத்தின் கமரன் அரங்கில் 9,314 பேருக்குத்தான் இடம். வட கரோலைனா அணி வருகிற ஆட்டத்துக்கு இடம் பிடிக்க மாணவர்கள் அரங்குக்கு வெளியே புல்வெளியில் கூடாரம் அடித்து, வாரக்கணக்காய்க் குளிரில் முறைவைத்துக் காவல் இருப்பார்கள். 1986 இல் தொடங்கிய பழக்கம். அந்தக் கூடார நகருக்கு அவர்களுடைய முன்னாள் பயிற்றுநர் மைக் ஷஷெவ்ஸ்கியின் பெயரையே வைத்திருக்கிறார்கள். கல்லூரி ஆட்டத்துக்காகப் பிள்ளைகள் அவ்வளவு பாடுபடுகிறார்கள் என்று வாசித்தபோது எனக்குச் சந்தோசமாக இருந்தது. எங்களுக்குக் குளிரில் படுக்கத் தேவையில்லை. காலையில் ஒரு மணித்தியாலம் முன்னால் எழும்பினால் போதும்.

கூடைப்பந்தாட்டம் என்று வந்ததால் அதையும் சொல்லிவிடுகிறேன். எங்கள் கல்லூரிகளிலும் கூடைப்பந்தாட்டம் நடக்கிறது. பெரும்போருக்கு வருகிற சனத்தில் நூறில் ஒரு பங்கு அதைப் பார்க்க வந்தால் அந்தப் பிள்ளைகள் ஆகாயத்தில் பறப்பார்கள். அதற்குப் போகிற கணக்கு வேறு. கிரிக்கெட்டில் ஒரு மணித்தியாலம் பிந்தினாலும் இரண்டு நாள் மிச்சம் இருக்கும். கூடைப்பந்தாட்டத்தில் பத்துப் பத்து நிமிடமாய் நாலு பகுதி, மொத்தம் நாற்பது நிமிட ஆட்டம். இருபது நிமிடம் பிந்திப் போனால் குறைந்தது ஒரு கால்பகுதி போயே போய்விடும். பின்னேரம் வெயில் தணிந்த பிறகு திறந்த சீமெந்துத் தளத்தில் ஆடுகிற ஆட்டமென்றால் கரையில் இருக்கிற படிக்கட்டு பகல் முழுக்கக் குடித்த சூட்டை இருட்டின பிறகும் விடாது. ஒரு பாயோ துணியோ கொண்டு போங்கள். கோட்டுக்கு மிகக் கிட்ட இருக்க வேண்டாம், பந்தோடு ஆளும் வந்து விழும். வீடு திரும்பக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்பதை ஆட்டம் தொடங்க முன்னம் கேட்டு வையுங்கள். பெண்பிள்ளைகளின் ஆட்டமென்றால் இது இன்னும் முக்கியம். தகப்பன்மார் வந்து கூட்டிக்கொண்டு போகிற நேரத்தைப் பார்த்தே சில பிள்ளைகள் கடைசிப் பகுதியில் கவனம் சிதறி ஆடுகிறார்கள். ஆட்டம் முடிகிற நேரத்தை வீட்டாருக்கு முதலே சரியாய்ச் சொல்லிவைக்கிறது பாடசாலையின் கடமை என்று நினைக்கிறேன்.

பெரும்போருக்குப் பெண்களும் குழந்தைகளும் வருவது கூடியிருக்கிறது. நல்ல விசயம். ஆனால் அவர்களுக்கு வாசலில் நெரிபடாமல் உள்ளே வர ஒரு வழியும், துப்புரவான மலசலகூடமும், பப்பரேக் கூட்டத்துக்குத் தள்ளி ஒரு கரையும் வேண்டும். என் தங்கச்சி முறையான ஒருத்தி, சுண்டுக்குளியில் படித்தவள், கிரிக்கெட் என்றால் உயிர். அவள் சொன்னாள், "அண்ணை, எனக்கு ஆட்டம் விளங்கும், ஸ்கோரும் எழுதுவன். ஆனா ஒரு மணிக்கு மேல அங்க இருக்க ஏலாம வந்திடுறன், தண்ணி குடிக்கவே பயமாக் கிடக்கு." அவ்வளவு நேரமும் தண்ணி குடிக்காமல் மார்ச் வெயிலில் இருக்கிறாள், திரும்பி வரும்வரை போக ஒரு இடம் இல்லை என்பதற்காக. ஏற்பாட்டுக் குழுக்கள் கூடாரத்துக்கும் ஸ்பீக்கருக்கும் செலவழிக்கிறதில் ஒரு பங்கை இதற்கு ஒதுக்கலாம். அதுவரைக்கும் குடும்பமாய் வருகிறவர்கள் காலையில் வந்து இடைவேளை மட்டும் இருந்துவிட்டு, கிட்ட ஒரு வீட்டில் ஆறி, மூன்று மணிக்குத் திரும்ப வருகிற மாதிரி வைத்துக்கொள்ளுங்கள்.

மூன்று நாளும் வர ஏலாதவர்கள் எந்த நாளைத் தெரிவுசெய்ய வேண்டும் என்று கேட்பார்கள். எல்லாரும் கடைசி நாளைத்தான் சொல்வார்கள். எனக்குப் பிடித்தது முதல் நாள் காலையும் இரண்டாம் நாள் பின்னேரமும். முதல் நாள் காலையில் புதுப் பந்து வளையும், துடுப்பாட்டக்காரனின் பயம் தெரியும், நாணயச் சுழற்சியில் வென்ற அணித்தலைவன் தான் எடுத்த முடிவுக்குப் பொறுப்பாக நிற்பான். இரண்டாம் நாள் பின்னேரம் ஆட்டம் எந்தப் பக்கம் சாய்கிறது என்று தெரிய வரும். அந்த நேரம் இரண்டாம் இன்னிங்ஸில் ஒருவன் விக்கெட்டைக் காத்து நின்று ஆடினால் அதை ஆறுதலாய்ப் பார்க்கலாம், சத்தமும் குறைவு. மூன்றாம் நாள் வருகிறவர்கள் தேத்தண்ணி இடைவேளைக்கு முன்னமே உள்ளே வந்துவிடுங்கள். முடிவு நெருங்குகிற நேரம் வாசலில் ஒரே தள்ளுமுள்ளு. வெற்றி வந்தவுடன் கூட்டம் மைதானத்துக்குள் ஓடும், அப்போது சின்னப் பிள்ளைகளோடு கயிற்றோரம் நிற்காதீர்கள். வெளியே போகிறதற்கும் அவசரப்படாதீர்கள். அரை மணித்தியாலம் இருந்து தோற்ற பெடியள் கைகொடுப்பதையும் பார்த்துவிட்டுப் போனால் வீதியும் கொஞ்சம் விட்டிருக்கும்.

2025 செப்ரெம்பரில் மண்டைதீவில் சர்வதேசக் கிரிக்கெட் மைதானத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள். பண்ணைப் பாலம் தாண்டினால் முதலில் வருகிற தீவு. அது எழும்பினால் பெரும்போரையும் அங்கே கொண்டுபோகலாம் என்று இப்போதே சிலர் கதைக்கிறார்கள். இருக்கை இருக்கும், நிழற்கூரை இருக்கும், கார் விட இடம் இருக்கும் என்பது அவர்கள் நியாயம். பெரிய ஆட்டங்கள் அங்கே வரட்டும், நானும் குடும்பத்தோடு போவேன். ஆனால் பெரும்போர் மத்திய கல்லூரி மைதானத்திலேயே இருக்க வேண்டும் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை. ரியூசன் முடிந்து சைக்கிளில் வருகிற பெடியன் அரை மணித்தியாலம் எட்டிப் பார்த்துவிட்டுப் போவது, ஆஸ்பத்திரியில் கிளினிக் முடித்த கிழவர் மருந்துப் பையோடு வந்து ஒரு ஓவர் பார்ப்பது, சந்தைக்கு வந்தவர் மதிலுக்கு மேலால் ஸ்கோர் கேட்பது, இதெல்லாம் ஒரு பாலத்துக்கு அப்பால் நடக்காது. கடல் நடுவே ஒரு வீதிதான் போகிறது. கூட்டம் கலைகிற பின்னேரம் அந்த ஒரு வீதியில் எத்தனை ஆயிரம் பேர் திரும்பி வருவது என்பதையும் கணக்குப் போட வேண்டும். அடுத்த பழைய மாணவர் பொதுக்கூட்டத்தில் இந்தக் கேள்வி வந்தால், இரண்டு கல்லூரிக்காரரும் கையை உயர்த்தி ரவுணுக்குள்ளேயே வையுங்கள் என்று சொல்லுங்கள்.